பதினான்கு, இடமிருந்து வலம்

சனிக்கிழமை காலை ஏழரை.
ஸ்காபரோ, எக்ளிண்டன் சாலை லோன்றி.
மூன்றாம் ட்ரையரில் இன்னும் சூடு.
அதன்மேல் தமிழ்ப் பத்திரிகை,
பதினோராம் பக்கம் வெளியே தெரிய மடித்தபடி.

பச்சை மை.
இடமிருந்து வலம் எல்லாம் நிரப்பிவிட்டு
மேலிருந்து கீழை எனக்கு விட்டுப்போகிற ஆள்.
ஆணோ பெண்ணோ தெரியாது.
‘ழ’வுக்கு வால் நீளம்.
மடிப்பில் எப்போதும் கொஞ்சம் கோதுமை மா.

‘எண்ணிப் பார்; சூடு தணியும்; கரையும் உண்டு.’
ஆறு.
பக்கத்தில் பச்சையில் ஒரு ஆச்சரியக்குறி.
நானும் போட்டேன் ஒன்று, கறுப்பில்.

பதினான்கில்தான் பிழை.
‘வேலை முடியும் பொழுது. இரண்டெழுத்து.’
மாலை என்றுதான் எவரும் போடுவார்கள்.
பச்சை மை யோசிக்கவேயில்லை,
தாள் பள்ளமாக அழுத்தி எழுதியிருந்தது:
காலை.

அதே கட்டத்திலிருந்து கீழே இறங்குவது
‘உப்புத் தொட்டாலும் பல் கூசும்.’
மாங்காய். சந்தேகமேயில்லை.
ஒரெழுத்தை வெட்டினால் போதும்,
சரியாக நிரப்பி அனுப்பினால் இருபது டொலர்.

வெளியே பனி வாரும் வண்டி
மஞ்சள் விளக்கைச் சுழற்றிக்கொண்டு போனது.
பத்திரிகையைத் தட்டினேன்.
மா உதிர்ந்தது,
என் கறுப்புக் காற்சட்டை முழுக்க.

கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தேன்.
இரவெல்லாம் எந்த அடுப்படியில் நின்றாயோ.

பிறகு பேனாவைத் திறந்து
மிச்சக் கட்டங்கள் மூன்றையும் நிரப்பினேன்:
காங்காய்.
எந்த மரத்திலும் இல்லாதது.

அடுத்த வாரம் சரியான விடை வரும்.
வரட்டும்.