நின்ற குற்றம்

லுவாண்டா மாநகராட்சி, பறிமுதல் பிரிவு.
மூன்றாம் ஜன்னல் என்னுடையது.
மின்விசிறி இந்தப் பக்கம் திரும்பாது.

பின்கொட்டகையில் கிடக்கின்றன நேற்றுப் பிடித்தவை:
குடைகள், ஜோடி பிரிந்த செருப்புகள்,
கைபேசி உறைகள் தொங்கும் ஓர் அட்டை,
ஐஸ் உருகி நாறத் தொடங்கிய மீன்.

ஜுவாக்கினா முஹோங்கோ ரசீதை நீட்டினாள்.
முதுகுத் துணிக்குள் பிள்ளை தூங்கியது.
ரசீதில் என் கையெழுத்துதான்.
அலுமினியப் பேசின், ஒன்று.
மீன், பத்தொன்பது.

"முப்பத்தொன்று" என்றாள்.
பன்னிரண்டு எந்த அடுப்பில் வெந்தது என்று
அவள் கேட்கவில்லை.
நானும் வாய் திறக்கவில்லை.

அழுகும் பொருள் திரும்பாது.
பேசின் திரும்பும்,
அபராதம் கட்டினால்,
உன்னுடையதுதான் என்று நிரூபித்தால்.

கொட்டகையில் நாற்பது பேசின்கள்.
ஒன்றைத் தட்டிப் பார்த்தாள், வைத்தாள்.
இன்னொன்றின் விளிம்பைத் தடவினாள், வைத்தாள்.
அடுக்கின் அடியிலிருந்து ஒன்றை உருவி,
சும்மாடு சுருட்டித் தலையில் ஏற்றி
இரண்டு கைகளையும் விட்டாள்.
தரையில் விழுந்த ரசீதைக்
குனிந்து எடுத்தாள்.
பேசின் அசையவில்லை.
பிள்ளைதான் விழித்துக்கொண்டது.

படிவத்தில் இதற்குக் கட்டம் கிடையாது.
'இதர சான்றுகள்' என்ற இடத்தில்
'தலை' என்று எழுதினேன்.

அடுத்த வரி: குற்றம்.
நின்றது.
சுமந்து நடக்கலாம், நாள் முழுக்க நடக்கலாம்,
நடைபாதையில் நிற்கத்தான் கூடாது.
உட்கார்ந்தால் இரட்டை அபராதம்.

"நான் எங்கே நின்றேன்?
ஒரு அம்மா இரண்டாயிரம் நீட்டினாள்.
ஐந்நூறு போக மீதியை எண்ணினேன்.
நடந்துகொண்டே எண்ணினால்
நோட்டு பறந்து போகாதா?
கடற்காற்று உங்கள் ஜன்னலுக்கு வருவதில்லையா?"

வருவதில்லை.

"லைசென்ஸ் எடுத்திருக்கலாமே."
"மனு கொடுத்து மூன்று வருஷம்.
கடையின் முகவரி கேட்டார்கள்.
கழுத்துக்கு மேலே என்றேன்.
நன்றாகச் சிரித்தார்கள்.
மனு அந்தப் பீரோவில்தான் இருக்கும்."
பீரோ என் முதுகுக்குப் பின்னால்.
நான் திரும்பவில்லை.

நின்ற நேரம்:
'ஆயிரத்து ஐந்நூறு குவான்சா எண்ணும் நேரம்'
என்று நிரப்பி அனுப்பினேன்.
மேலாளர் எவாரிஷ்டு சிவப்பு மையில் திருப்பினார்:
எண்ணில் எழுதவும்.

என் சட்டைப்பையிலிருந்ததை மேஜையில் போட்டு
சுவர்க் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே எண்ணினேன்.
ஏழு விநாடி.
"விரல் ஈரமாக இருக்கும், மீன் ஈரம்" என்றாள்.
பதினொன்று என்று திருத்தினேன்.
ஏழுக்கும் பதினொன்றுக்கும்
அபராதம் ஒன்றுதான்.
முந்தானை முடிச்சவிழ்த்துக் கட்டினாள்.
அவள் எண்ணும்போது
வரிசையில் ஒருவரும் முணுமுணுக்கவில்லை.
இங்கே நிற்கலாம்.

ஆறு மணிக்கு முத்தாம்பாவில்
நீலவெள்ளை வேனுக்குக் காத்திருந்தேன்.
பசி.
ஒரு பேசின் கூட்டத்துக்கு மேலே வந்தது.
இப்போது அதில் வறுத்த கடலை, சுட்ட வாழைப்பழம்.
யாரிடம் கடன் வாங்கினாளோ.

ஆயிரத்தை நீட்டினேன்.
பொட்டலம் கைக்கு வந்துவிட்டது,
அவள் நிற்கவில்லை.
முகத்தைப் பார்த்தாளா, சீருடையைப் பார்த்தாளா,
"வாங்க" என்று மட்டும் சொன்னாள்.

போனேன்.
சில்லறை அவள் விரலிடுக்கில்.
பத்தடிக்கு ஒரு நோட்டு உரிந்து வந்தது.
மருந்துக்கடை தாண்டினோம்.
வங்கியின் காவலாளி எங்களைப் பார்த்தான்.
பிள்ளை என் சட்டைப் பொத்தானை
எட்டிப் பிடித்துக்கொண்டு விடவில்லை,
அதனால் இன்னும் ஒட்டி நடந்தேன்.

பின்னால் நடத்துனன் என் பேட்டையின் பெயரைக்
கூவிக் கூவி ஓய்ந்தான்.
வேன் கிளம்பியது.
இன்னும் நானூறு பாக்கி.