திறப்புக் கரை

ஸ்காபரோவில், களிமண் செங்குத்துகளின் அடியில்
வரைபடம் பெயர் போடாத கரை.
மேலிருந்து இருநூற்றுப் பதினொரு காலடி இறக்கம்.
மழை முடிய மறுபடி எண்ணவேண்டும்,
பாதையை ஏரி தின்கிறது.
தகைவிலான்கள் சுவரில் பொந்து குடைந்திருக்கின்றன.
மணல் குறைவு, கூழாங்கல் அதிகம்.

நாங்கள் சொல்வது திறப்புக் கரை.

மதுரைக்காரி கயல்விழி கேட்டாள்:
யார் திறந்துவைத்தது? எந்த அமைச்சர்?
ஒருவரும் இல்லை. எங்கள் பக்கம்
திறப்பு என்றால் சாவி.

தொண்ணூற்று மூன்று, ஐப்பசி.
நல்லைநாதன், பிளாஸ்டிக் தொழிற்சாலையில் இரவு வேலை,
கார்த் திறப்பை இங்கே தொலைத்தார்.
மறுநாள் தேட வந்தார். அதற்கு மறுநாளும்.
கரை உறையும்வரை, வேலைக்குப் போகுமுன்,
விளக்குமாற்றுத் தடியால் கல் புரட்டினார்.
கூடத் தேடப் போனவர்கள்
பிறகு தூண்டிலோடு போனார்கள்,
பிறகு பிள்ளைகளோடு.
"எங்கை நிக்கிறியள்?"
"திறப்படியிலை."
அப்படித்தான் ஒட்டியது.

போன கிழமை புஷ்பமலர் அக்காவிடம்
ஆண்டைச் சரிபார்க்கப் போனேன்.
தேத்தண்ணியை ஆற்றிக்கொண்டே சொன்னா:
"அது அண்டைக்கே கிடைச்சிட்டுது தம்பி,
ஜாக்கெற்றின்ரை கிழிஞ்ச லைனிங்குக்கை.
எடுத்துக் குடுத்ததே நான்தான்."

எட்டுப் பேர் ஒரே பேஸ்மென்டில் இருந்த காலம்.
ஒரு யன்னல். அதுவும் பனிக்குள்.

குறிப்பேட்டில் ஆண்டு சரி.
பெயர்க்காரணம் என்ற கட்டத்தில்
பழையதையே விட்டுவைத்திருக்கிறேன்:
தொலைந்த ஒரு திறப்பு.