இருபதில் ஒருவர்

கிளாக்ஸ்விக்கில் மழை பக்கவாட்டில் பெய்கிறது.
மீன் ஆலையில் இரவு ஷிப்ட் முடித்து வந்த மார்யுன்
கையுறை காயுமுன்னே
சர்வர் பட்டியலைத் திறக்கிறாள்.

முதலாவது நிறைந்துவிட்டது.
அடுத்ததற்கு இவள் வைத்திருக்கும் பதிப்பு பழசு.
இன்னொன்று உள்ளே விட்டு
மூன்றே விநாடியில், காரணம் சொல்லாமல்
வெளியே தள்ளியது.

பட்டியலின் அடியில்,
பிங் முந்நூற்றுப் பத்து,
இருபது இடத்துக்கு ஒருவர்.

நுழைந்தாள்.
புல்வெளி துண்டு துண்டாக வந்து சேர்ந்தது.
கோதுமைக்கு நடுவே அந்த ஒருவர்:
தலைக்கு மேல் ‘எலாடியோ_77’,
கையில் மண்வெட்டி, அசைவே இல்லை.
ஹலோ என்று தட்டினாள். இன்னொரு ஹலோ.
பூமியின் எந்த மூலையிலோ
நாற்காலியிலேயே தூங்கிவிட்டிருக்கிறான்.

சூரியன், அந்த மஞ்சள் சதுரம்,
இறங்கிக்கொண்டிருந்தது.
இருட்டினால் பிணங்கள் நடக்கிற ஊர்.
கையில் ஒன்றுமில்லாதவள் வெறுங்கையால்
மண்ணைப் பெயர்த்து
அவனைச் சுற்றி நாலு சுவர் எழுப்பினாள்,
மேலே கூரை,
பிறகு தானும் தூங்கப் போனாள்.

மறுநாள் இருபதில் எவருமில்லை.
மண்வீடு நின்றது.
இவள் வைக்க மறந்த கதவை
அவன் வைத்திருந்தான்.
பக்கத்துப் பலகையில் ஒரே ஒரு சொல்,
முன்னால் ஒரு கேள்விக்குறி
தலைகீழாக,
பின்னால் ஒன்று
நேராக.