மூணு வள்ளம்

வேலந்தாவளத்தில் நோம்பி.
கோயிலுக்கு முன்னால் இரண்டு,
கள்ளுக்கடைப் பக்கம் ஒன்று,
சோதனைச்சாவடியைப் பார்த்து ஒன்று
என்று நாலு குழாய் கட்டினேன்.
நாலாவதைக் கொஞ்சம் திருப்பச் சொன்னார் ஏட்டு.
லாரி நம்பர் எழுதும்போது
பாட்டின் வரியை எழுதிவிடுகிறாராம்.

மைக் செட்டுக்காரனுக்கு ராகம் தெரியாது.
எந்தக் குரல் எந்தக் குழாயைக் கிழிக்கும்
அது தெரியும்.

அந்த வருஷம் எல்லோரும் கேட்டது மாராக்கா.

முதலில் அது சிந்து.
எட்டுப் பக்கம், சாணிக் காகிதம், பத்துப் பைசா.
அட்டையில் இருந்தவள் மாராக்கா இல்லை,
வேறு ஏதோ கொலைக்குச் செய்த அச்சுக்கட்டை.
கொழிஞ்சாம்பாறைச் சந்தையில்
தகர டப்பா தட்டிப் பாடி விற்றான் ஒருத்தன்:

    மூணு வள்ளம் அரிசி தூக்கி
    மூங்கக்காட்டு வழி நடந்தாள்
    போலீசு விசில் கேட்டதடி மாராக்கா
    பொங்கின ஆத்தில் விழுந்தாயடி

கிழக்கே பாடினால் போலீஸ்காரன் தள்ளிவிடுவான்.
மேற்கே பாடினால் அவளே குதிப்பாள்.
சாவடி தாண்டியதும்
வள்ளம் பறையாகும்,
ஆத்தில் மட்டும் அதே தண்ணீர்.
அரிசி கொடுத்துவிட்ட மில்காரன் பெயர்
இரண்டு கரையிலும் இல்லை.

பிறகு கோயமுத்தூர்ப் பையன்கள் கேசட் போட்டார்கள்.
டிரம்ஸ் வந்தது. விசில் வந்தது,
போலீஸ் விசில் அல்ல.
மாராக்கா மாராக்கா என்று பதினாறு தடவை.
அரிசியை எடுத்துவிட்டு
இடுப்பை வைத்தார்கள்.
ஆறு வரவேயில்லை.
யாரும் சாகவும் இல்லை.

இரண்டாம் நாள் ராத்திரி ஒரு மணி.
ஜெனரேட்டர் இருமி நின்றது.
ருக்மணி ஹோட்டல்காரம்மா
பரோட்டாப் பொட்டலத்தோடு வந்து
பேட்டரிப் பெட்டிமேல் உட்கார்ந்தார்.
கூடவே ஒரு முறம் சின்ன வெங்காயம்.
'பழைய பாட்டு இருக்குங்களா,
ஆத்துல விழறது?'

சந்தையில் பதிந்த கேசட் ஒன்று
டேஷ்போர்டில் கிடந்தது.
சின்ன ஸ்பீக்கரில், மெதுவாக வைத்தேன்.
டப்பா சத்தம், நடுவே ஒரு ஆட்டுக்குட்டி,
பஸ் ஹாரன், மாராக்கா.
வெங்காயம் உரித்துக்கொண்டே கேட்டார்.
ஆறு வந்தது, கை நிற்கவில்லை.
பிணம் மூணாம் நாள் மிதந்தது,
கை நிற்கவில்லை.
'மொதல் வரி மறுபடி போடுங்க.'

போட்டேன்.

'மூணு இல்லீங்க. அஞ்சு.'

'எதுங்க?'

'அரிசி. அஞ்சு வள்ளம்.
இந்தப் பக்கத் தோள் பாருங்க,
இன்னும் எறங்கித்தான் இருக்குது.
மூணு வள்ளம் சின்னப்புள்ள தூக்கும்.'

தோளைப் பார்த்தேன்.
சாவடி விளக்கைப் பார்த்தேன்.
கேட்க வேண்டியதை எப்படிக் கேட்பது என்று
வால்யூம் திருகைத் துடைத்தேன்.

'விழுந்தது நெசந்தானுங்க.
எந்திரிச்சத ஆரும் எழுதல.
நானும் சொல்லல.
செத்தவ மேல கேஸ் நடக்காதுல்ல,
அது அப்பிடியே கெடக்கட்டும்.
அரிசியத்தான் மனசு ஒப்பல.'

தோலையெல்லாம் முறத்தில் தட்டிக் கூட்டிக்கொண்டு போனார்.
பரோட்டாவுக்குக் காசு வாங்கவில்லை.

அவர் அடித்துத் திருத்திய பாட்டை
யாரிடம் கொண்டுபோய்க் கொடுப்பது?
டப்பாக்காரன் செத்துப் பத்து வருஷம்.
பையன்கள் அடுத்த கேசட்டுக்கு
வேறு ஒருத்தி பெயரைத் தேடுகிறார்கள்.

மறுநாள் சாயங்காலம்
கரண்ட் வந்ததும் மைக்கைத் தட்டினேன்.
ஹலோ. மைக் டெஸ்டிங்.
ஒண்ணு, ரெண்டு, மூணு.
இருபது வருஷமாக அங்கேயே நிறுத்துகிறவன்.
நாலு, என்றேன்.
அஞ்சு.

நாலு குழாயும் திருப்பிச் சொல்லின.
பரோட்டாக் கல்லில் கரண்டி
ஒரு தட்டு அதிகமாகத் தட்டியது,
அல்லது எனக்கு அப்படித் தோன்றியது.

சாவடியிலிருந்து ஏட்டு
குழாயைத் திருப்பச் சொல்லிக் கைகாட்டினார்.