அம்மனுக்கு முதுகு

எனக்குக் கிடைத்தது ஏழாம் நம்பர் செக்டார்.
குண்டத்திலிருந்து நாற்பதடி.
சீட்டில் எழுதியிருந்தது இவ்வளவுதான்:
பண்ணாரி, பங்குனி, திங்கள் பகல் இரண்டிலிருந்து
மறு உத்தரவு வரும் வரை.

இன்ஸ்பெக்டர் அர்த்தனாரி ஒருமுறைதான் சொன்னார்,
மைக்கைக் கையால் பொத்திக்கொண்டு:
"கும்படறதுன்னா இப்பவே கும்பிட்டுக்குங்கோ.
அப்புறம் ஒருத்தரும் திரும்பக் கூடாது.
கண்ணு சனத்து மேல. முதுகு அம்மன் மேல."

கும்பிட்டோம்.
தொப்பியைக் கழற்றணுமா என்று ஒருத்தி கேட்டாள்.
யாருக்கும் தெரியவில்லை.

கயிற்றின் அந்த முனை ஜெசிந்தாவிடம்.
கருமத்தம்பட்டிக்காரி.
அக்டோபரில் மாதா தேருக்கு லீவு வாங்கித் தராவிட்டால்
முனையை விட்டுவிடுவேன் என்று
இரவு முழுக்க என்னை மிரட்டிக்கொண்டிருந்தாள்,
நான் ஏதோ எஸ்.பி. மாதிரி.
தக்காளி சோற்றுப் பொட்டலம் பத்து மணிக்கு வந்தது.
பெண் போலீசுக்கென்று சொன்ன கழிப்பறை வண்டி
சத்தியிலேயே நின்றுவிட்டதாம்.
தண்ணீர் குடிக்காமலிருக்கப் பழகிய உடம்பு,
பரேடில் யாரும் சொல்லித் தரவில்லை.

மூன்று நாளாய் வரிசையில் கிடந்த சனம்.
வாடிய வேப்பிலை, மஞ்சள், வேர்வை,
திம்பத்திலிருந்து இறங்கும் குளிர்.
"ஏனுங், இன்னும் எத்தன நேரமுங்?"
"அம்மிணி, என்ற பையன் அக்கட்டால நிக்கறான், உடு கண்ணு."
"லத்திய ஓங்கறயே, நீயும் பொம்பளதான?"
எல்லாவற்றுக்கும் ஒரே பதில்: பின்னால போங்கோ.
எத்தனை தரம் சொன்னேனோ,
விடியுமுன்னே அதற்கு அர்த்தம் போய்விட்டது.

எனக்குப் பின்னால் கரும்பு எரிந்தது.
விறகைக் கரும்பென்றுதான் சொல்ல வேண்டும் இங்கே.
எரிவதை என் கழுத்து பார்த்தது.
காலர் காய்ந்தது, நனைந்தது, மறுபடி காய்ந்தது.
தணலைத் தட்டிப் பரப்புகிறார்கள் என்று
சத்தத்தில் தெரிந்துகொண்டேன்.

நாலு மணி.
மேளம் சட்டென்று நின்றது.
எதிரே அத்தனை முகமும் ஒன்றாக மாறியது,
கரண்ட் வந்த தெருவைப் போல.
யார் முதலில் இறங்கினார், எப்படி நடந்தார்,
எனக்குத் தெரியாது.
ஒரு பெரியவரின் மூக்குக் கண்ணாடியில்
சின்னதாய் இரண்டு குண்டங்கள்.
அதில் மஞ்சளாய் ஒன்று ஓடியது,
இன்னொன்று, இன்னொன்று.
அவர் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்தார்.
என் தரிசனம் அத்தோடு முடிந்தது.

பிறகு சனம் சாய்ந்தது.
யாரும் தள்ளவில்லை,
சோளக்காடு காற்றுக்குச் சாய்வதுபோல.
கயிறு உள்ளங்கையை அறுத்துக்கொண்டு ஓடியது.
"உட்றாத பூர்ணி!"
முன்வரிசையில் ஒருத்தி கீழே போனாள்.
அவள் இடுப்புக் குழந்தை மேலே வந்தது,
யார் யார் கையிலோ.
வாங்கிக்கொண்டேன்.
லத்தி எங்கே விழுந்தது என்று
மறுநாள் விளக்கம் எழுதிக் கொடுத்தேன்.

குழந்தை அழவில்லை.
என் தோளுக்கு மேலாகப் பார்த்துக்கொண்டே இருந்தது.
பெயர்ப் பட்டையைப் பிடித்து இழுத்தது.
பார்த்ததைச் சொல்லும் வயதில்லை அதற்கு.

தாய் எழுந்து வந்தாள், தலை கலைந்து,
முழங்கை சிராய்த்து.
குழந்தையை வாங்கிக்கொண்டு கையெடுத்துக் கும்பிட்டாள்.
என்னையா, எனக்குப் பின்னாலிருப்பவளையா?
கேட்க நேரமில்லை. பின்னால போங்கோ என்றேன்.

ஒன்பது மணிக்கு வேன்.
வெள்ளிக்கிழமை கோட்டைமேடு, பள்ளிவாசல் வாசல்.
ஞாயிறு கொடிசியா மைதானம், கட்சிக் கூட்டம்.
ஜெசிந்தா சிவந்த கையை மடியில் மல்லாத்திப் போட்டு
உட்கார்ந்தபடியே தூங்கினாள்.

கொஞ்ச தூரத்தில் டிரைவர் பிரேக் போட்டார்.
"யானைங்க. குட்டியோட தாண்டுது."
எல்லோரும் சன்னலுக்குப் பாய்ந்தார்கள்.
நான் எழுந்து நின்று
அவர்கள் முகங்களைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.