பற்று எழுதிய சுவர்

பள்ளத்தூர், ராம.சித. வீடு.
இரண்டாம் கட்டு, மேற்குச் சுவர்.
செப்பு ஊசியைச் செருகினேன்.
முள் பூஜ்ஜியத்துக்கு வந்தது,
கொஞ்சம் யோசித்தது,
இடப்பக்கம் போனது.

பதினோரு வருஷமாய் ஊறல் வாரியத்தில்
சுவர் சுவராய்க் கணக்கெடுக்கிறேன்.
(பேரைக் கேட்டுச் சாராயக் கேஸ் என்று நினைத்து
ஒரு ஏட்டு என் பையைக் கவிழ்த்துப் பார்த்ததுண்டு.)
எந்த முள்ளும் இடப்பக்கம் போய்ப் பார்த்ததில்லை.

விஷயம் இந்தப் பக்கத்தில் எல்லோருக்கும் தெரிந்ததுதான்.
கிளிஞ்சல் சுண்ணாம்பு, கடுக்காய்ச் சாறு, முட்டை வெள்ளை
தேய்த்துத் தேய்த்து முகம் தெரியும் சுவருக்குள்
வெயில் நுழைந்தால் திரும்பும் வழி மறந்துவிடும்.
தேனில் விழுந்த எறும்பின் நடை.
ஒரு சித்திரைக் காலை
அரை அங்குலம் கடக்க நாற்பது வருஷம்.
நாங்கள் ஊசி வைத்து இறக்கிக்கொள்கிறோம்.
நிலைக்கு மேல் கண்ணாடி பதித்த வீடென்றால்
நிறவாரியாக விலை:
நீலம் மோட்டார் இழுக்கும்,
சிவப்பு இட்லி வேகவைக்கும்,
பச்சையைக் கோழிப்பண்ணைக்காரர் தவிர
யாரும் கேட்பதில்லை.

இந்த வீடு பூட்டி இருபத்தாறு வருஷம்.
ஜன்னல்கள் துருவோடு துருவாய் ஒட்டிக்கிடக்கின்றன.
ஒரு பொட்டு வெயில் உள்ளே வரவில்லை.
இருப்பு போன தையிலேயே தீர்ந்திருக்க வேண்டும்.
ஆனாலும் இந்தச் சுவரில்தான் ஓடுகின்றன
புதுவயலில் மூன்று அரிசி ஆலை,
ஒரு ஐஸ் பாக்டரி,
ஆஸ்பத்திரியில் குறைமாதக் குழந்தைகளின்
கண்ணாடிப் பெட்டி ஏழு.

"அக்கா, இது கடன் வாங்குது" என்றான் சேவுகன்.
யாரிடம் என்றேன்.
டார்ச்சை அணைத்தான்.

இருட்டுக்குள்
சுவரில் ஒரு ஜன்னல் திறந்திருந்தது.
மூடிய ஜன்னலின் வெளிச்சம்,
கம்பி இல்லாமல்.
அதில் ஒரு வேப்பங்கிளை, தொடை கனம்.
கிளையில் கூடு.
கூட்டுக்கு மேலே பிளந்த அலகு ஒன்று
எதற்கோ கத்திக்கொண்டிருந்தது, சத்தமில்லாமல்.

கொல்லையில் போய்ப் பார்த்தோம்.
அந்த ஜன்னலுக்கு நேரே வேம்பு இருக்கிறது.
என் முழங்காலுக்கு வரும்.

ஆக, இன்னும் விடியாத காலை.
அந்த ஜன்னலைக் கம்பி அறுத்துத் திறக்கப்போகிறவர்கள்,
யாரோ, எவரோ,
திறந்து நின்று
ஏன் இவ்வளவு மங்கல் என்று கண்ணைக் கசக்குவார்கள்.
அவர்கள் வெயிலில்தான்
நாம் இன்றைக்கு நெல் அரைக்கிறோம்.

விதி பதினான்கு:
பற்று விழுந்த சுவரை
இருபத்துநான்கு மணி நேரத்தில் துண்டிக்கவும்.
நீலப் படிவத்தை விரித்தேன்.
பற்று: யார் பெயரில்?
அந்தக் கட்டத்தில் பேனா நின்றது.
சேவுகன் துண்டிப்புக் கம்பியை முறுக்கினான், அவிழ்த்தான்.
ஏழு பெட்டி என்று அவனும் சொல்லவில்லை,
நானும் சொல்லவில்லை.

"செடியைப் பிடுங்கிட்டா?" என்றான்.
"பிடுங்கினா நெழல் போயிரும்.
நெழல் போனா சுவர் சொல்றது பொய்.
பொய்க்கு ஏதுக்கா பற்று?"
கெட்டிக்காரன். தேர்வு எழுதியிருந்தால்
எனக்கு மேலதிகாரியாக இருப்பான்.
நான் பதில் சொல்லவில்லை.
சுவரில் கிளை ஒருமுறை அசைந்தது.
வெளியே காற்றில்லை.

அப்போதுதான் கொல்லைப் பக்கம் மணிச் சத்தம்.
இடிந்த மதில் வழியே
ஒரு வெள்ளாடு, காது ஒன்று கிழிந்தது,
வேம்பை முகர்ந்துகொண்டிருந்தது.

ஓடினோம்.
சம்பளத்துக்குக்கூட அப்படி ஓடியதில்லை.
என் செருப்பு ஒன்று வளவிலேயே கிடந்தது.
நுனியில் நான்கு இலை போயிருந்தது.
மென்றுகொண்டே எங்களைப் பார்த்தது ஆடு,
மேலே வா என்பதுபோல.

துண்டிப்புக் கம்பியைச் செடியைச் சுற்றி
மூன்று சுற்றுச் சுற்றினோம்.
வாரிய முத்திரை ஈயத்தைக் கடித்து இறுக்கினான் சேவுகன்.
உள்ளே முள் இடப்பக்கமே இருந்தது.

பற்றுக் கட்டத்தில் என் பெயரை எழுதினேன்:
லூ. அடைக்கலமேரி.
அதற்குக் கீழே இன்னொரு கட்டம்,
துண்டிக்கத் தாமதமானால் காரணம்.
ஆடு என்று எழுதினேன்.