பாட்டுக்குக் கீழே

தாய்லாந்துப் படம். நாலு கதை.
நாலும் நாலு பாட்டிலிருந்து முளைத்தவை என்று
நோட்டீஸ் எழுதிக் கொடுத்தேன்.
‘தாய் மொழித் திரைப்படம்’ என்றதில்
அச்சகக்காரர் இடைவெளியை மூடிவிட்டார்.
தாய்மொழிப் படமென்று நம்பி
குருநகரிலிருந்து ஒரு குடும்பமே வந்தது.
கொன்சலிற்றா அன்ரி கடைசிவரை எழும்பவில்லை,
காசு குடுத்தாச்சு எண்டு.

ஆஸ்பத்திரி வீதி, பல்வைத்தியருக்கு மேல்மாடி.
அறுபது பிளாஸ்ரிக் கதிரை, முப்பத்தொரு பேர்,
அதில் மூன்று பேர் மழைக்கு ஒதுங்கியவர்கள்.

திரையின் அடியில் ஓடிய தமிழ் என்னுடையது.
அந்த மொழியில் எனக்கு ஒரு சொல்லும் தெரியாது.
யாரோ ஆங்கிலமாக்கி வைத்த கோப்பிலிருந்து
பதினொரு இரவு
வரிக்கு முப்பத்தெட்டு எழுத்தென்று நறுக்கினேன்.
ஆட்கள் கதைக்கும்போது ஆங்கிலம் இருந்தது.
பாட்டு வரும்போது
ஒரு சின்னச் சுரக்குறி மட்டும்.
பாட்டில் பிறந்த படத்தில்
பாட்டுக்குக் கீழே ஒன்றுமில்லை.
‘பாடல் ஒலிக்கிறது’ என்று போட்டேன்,
நாற்பத்திரண்டு இடத்தில்.

இரண்டாவது கதை.
மீன்சந்தையில் ஐஸ் உடைக்கிறாள் ஒருத்தி.
விட்டுப் போனவன் திரும்பி வந்து நிற்கிறான்.
நிமிராமல் ஏதோ கேட்கிறாள்.
‘எப்படி இருக்கிறாய்?’
என் வரி வரமுதலே
பின்வரிசையில் ஒருவர் சிரித்துவிட்டார்.

அரைச் செக்கன்தான்.
ஒருதரம் என்றால் இருமல் என்று விட்டிருப்பேன்.
மூன்றாவது கதையில்
பஸ் கொண்டக்ரர் தன் கலியாணத்துக்கே பிந்திப் போகிறான்.
அங்கும் எங்களுக்கு முதல் சிரித்தார்,
எங்களுக்கு முதல் மூக்கை உறிஞ்சினார்.
நான் படத்தை விட்டு
அவர் முகத்தைப் பார்க்கத் தொடங்கினேன்,
வானிலை அறிக்கை பார்க்கிற மாதிரி.

படியில் செருப்புத் தேடிக்கொண்டு நின்றபோது பிடித்தேன்.
சத்தியரூபன். நெல்லியடி. ரைல்ஸ் பதிக்கிற வேலை.
‘கனடாவுக்கெண்டு வெளிக்கிட்டது.
பாங்கொக்கோட நிண்டிட்டுது.
ஏழு வருசம். அதில ரெண்டரை உள்ளுக்கை.’

பிறகு, கோபமில்லாமல்:
‘அவள் எப்பிடி இருக்கிறாய் எண்டு கேக்கேல்லைத் தங்கச்சி.
சோறு திண்டிட்டியோ எண்டு கேட்டவள்.
அங்கயும் அப்பிடித்தான் கேக்கிறது.
விட்டிட்டுப் போனவனிட்டயும்.’

நாங்கள் ஒழுங்கையில்
ஒரு நாளைக்கு எத்தனை தரம் கேட்கிற கேள்வி.
எங்கோ போய்க் கோட்டுப் போட்டுக்கொண்டு வந்திருக்கிறது,
நானும் ஆளை மட்டுக்கட்டாமல்
கைகுலுக்கி அனுப்பியிருக்கிறேன்.

‘பாட்டுகள்?’ என்றேன்.
‘கடைசிக் கதையில் அந்தப் பொம்பிளை
உடுப்புக் காயப்போடேக்கை வந்ததே, அது?’

மழை விட்டிருந்தது. கீழே பல்வைத்தியர்
ஷட்டரை இழுத்து மூடினார்.
அந்தச் சத்தம் முடியும்வரை பொறுத்தார்.

‘அது பழைய பாட்டு.
காவலாளின்ர றேடியோவில விடிய விடியப் போகும்.
அது முடியத்தான் கஞ்சி வரும்.’

‘அதின்ர அர்த்தம் என்ன அண்ணை?’

‘அதானே சொல்லுறன்.
கஞ்சி வரும்.’

எழுநூற்றைம்பது உறுமிக்கொண்டு நின்றது.
ஒரு செருப்பைக் கையில் வைத்துக்கொண்டே ஓடி ஏறினார்.

இரவு கோப்பைத் திறந்து
ஐஸ் உடைப்பவளின் வாயைத் திருத்தினேன்.
சோறு திண்டிட்டியோ.
முப்பத்தெட்டில் பாதிக்கு மேல் மிச்சம்.
கடைசிப் பாட்டுக்குக் கீழே
கஞ்சி வரும் என்று அடித்துப் பார்த்தேன்.
சரியாகத்தான் இருந்தது.
என்றாலும் அது அவருடைய வரி.
அழித்தேன்.
பழையதைத் திரும்பப் போடவும் கை வரவில்லை.

இந்தப் படத்தை இனி இங்கே யாரும் போடப்போவதில்லை.
சேமித்துவிட்டுப் படுத்தேன்.
மூன்று நிமிடம் பதினேழு செக்கன்,
ஒரு பெண் நனைந்த சேர்ட்டுகளை உதறுகிறாள்,
கீழே
எதுவும் எழுதப்படவில்லை.